உடன்பிறந்தாரைப் பறித்த நோயை வென்ற டாக்டர் சுப்பாராவ்

ரத்தப் பரிசோதனைக்குப் போனால் முடிவில் ஒரு சீட்டு தருகிறார்கள். சங்கரன்கோவில் அரசு ஆஸ்பத்திரியானாலும் சரி, சென்னை பெரிய ஆஸ்பத்திரியானாலும் சரி, அந்தச் சீட்டில் ஒரு வரி தவறாமல் இருக்கும். அது வெள்ளை அணுக்களின் கணக்கு.

குண்டூசித் தலை அளவு ரத்தத்தில் சுமார் 4 ஆயிரம் முதல் 11 ஆயிரம் வரை வெள்ளை அணுக்கள் இருக்கின்றன. உடம்புக்கு அவைதான் காவல்காரர்கள். நோய்க் கிருமி உள்ளே நுழைந்தால் ஓடிப்போய்ச் சண்டையிடுகிறவை அவையே.

காவல்காரர்கள் குறைந்து போனால் சிறு காய்ச்சலும் பெரிய ஆபத்தாக முடியும். முதிராத வெள்ளை அணுக்கள் கட்டுக்கு அடங்காமல் பெருகினாலோ, அது ரத்தப் புற்றுநோய்.

குறைந்ததைக் கூட்டவும் ஒரு மருந்து வேண்டும். கூடியதைக் குறைக்கவும் ஒரு மருந்து வேண்டும். இந்த இரண்டு வகை மருந்துகளும் ஒரே ஆராய்ச்சிக்கூடத்தில் பிறந்தன. அந்தக் கூடத்தின் தலைவராக இருந்தவர் ஓர் இந்தியர். சென்னையில் வைத்தியம் படித்தவர்.

அவர்தான் டாக்டர் எல்லாப்பிரகடா சுப்பாராவ்.

காசிக்கு ஓடிய சிறுவன்

1895-ம் ஆண்டு ஜனவரி 12-ந் தேதி, அன்றைய சென்னை மாகாணத்தில் கோதாவரிக் கரைச் சீமையைச் சேர்ந்த பீமவரத்தில் சுப்பாராவ் பிறந்தார். தந்தை ஜகந்நாதம். தாய் வெங்கம்மா. குடும்பம் பெரியது. வருமானமோ சிறியது.

சிறுவன் சுப்பாராவுக்குப் படிப்பில் மனம் செல்லவில்லை. பணம் சம்பாதிக்க வேண்டும் என்ற ஆசை. 13 வயதில் ஒரு நாள் வீட்டை விட்டுக் கிளம்பி விட்டான். காசிக்குப் போய், அங்கு வரும் யாத்திரிகர்களுக்கு வாழைப்பழம் விற்றுப் பணக்காரன் ஆவது அவன் திட்டம்.

தாய் வெங்கம்மா விடவில்லை. மகனைத் திருப்பி அழைத்து வந்து மீண்டும் பள்ளிக்கூடத்தில் உட்கார வைத்தார். தந்தை இறந்த பிறகு, தம் நகைகளை விற்று மகனைப் படிக்க வைத்தார்.

மெட்ரிகுலேஷன் பரீட்சையில் சுப்பாராவ் இரண்டு முறை தோற்றார். மூன்றாவது முறை சென்னைத் திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில் படித்துத்தான் பாஸ் செய்தார். அதன் பிறகு மாநிலக் கல்லூரி. அங்கே கணக்கில் அவருக்கு நல்ல பிடிப்பு ஏற்பட்டது.

ஆனால் மனம் துறவை நாடியது. ராமகிருஷ்ண மடத்தில் சேர்ந்து தொண்டு செய்ய விரும்பினார். தாய் சம்மதிக்கவில்லை. தொண்டு செய்வதற்கு வைத்தியமும் ஒரு வழிதானே என்று மனத்தைத் தேற்றிக்கொண்டு, சென்னை வைத்தியக் கல்லூரியில் சேர்ந்தார்.

கதர் அங்கி

அது காந்தி அடிகள் அன்னியத் துணியைப் புறக்கணிக்கச் சொன்ன காலம். சுப்பாராவும் கதருக்கு மாறினார். அறுவைச் சிகிச்சைக் கூடத்துக்குள் போகும்போதும் கதரிலேயே அங்கி தைத்துப் போட்டுக்கொண்டார்.

அறுவை சிகிச்சைப் பேராசிரியர் பிராட்பீல்டு வெள்ளைக்காரர். அவருக்கு இது பிடிக்கவில்லை. எழுத்துப் பரீட்சையில் சுப்பாராவ் நன்றாகவே எழுதியிருந்தார். இருந்தாலும் அவருக்கு எம்.பி.பி.எஸ். பட்டம் கிடைக்கவில்லை. அதற்கும் கீழான எல்.எம்.எஸ். சான்றிதழே கிடைத்தது.

சர்க்கார் வைத்திய உத்தியோகத்துக்கு விண்ணப்பம் போட்டார். அதுவும் கிடைக்கவில்லை. கடைசியில் சென்னையில் டாக்டர் லட்சுமிபதி நடத்திய ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூறு ஆசிரியராக அமர்ந்தார்.

எட்டு நாளில் இரண்டு சாவு

இதற்கிடையே அவருடைய குடும்பத்தில் இடி விழுந்தது. உடன்பிறந்த சகோதரர்கள் இருவரை ஒரே நோய் கொண்டு போயிற்று. இரண்டு சாவுக்கும் நடுவே எட்டு நாள் கூட முழுதாகக் கழியவில்லை.

அந்த நோய் நம் ஊரில் கிராணி என்று சொல்லப்படும் வகையைச் சேர்ந்தது. ஆங்கில வைத்தியர்கள் அதை ஸ்ப்ரூ என்பார்கள். ஓயாத வயிற்றுப்போக்கு. நாக்கும் வாயும் புண்ணாகும். சாப்பிட்டது உடம்பில் ஒட்டாது. ரத்தம் வற்றி உடல் கூடாகிவிடும்.

சுப்பாராவும் அதே நோயில் விழுந்தார் என்றும், லட்சுமிபதி கொடுத்த ஆயுர்வேத மருந்தினால் பிழைத்தார் என்றும் அவருடைய வரலாற்றை எழுதியவர்கள் கூறுகிறார்கள்.

தான் படித்த வைத்தியத்தில் தன் வீட்டு நோய்க்கு மருந்து இல்லை. இந்த எண்ணம் அவரை விடவில்லை. வெளிநாடு சென்று ஆராய்ச்சி செய்வது என்று முடிவு செய்தார்.

கடல் கடந்து

1919-ம் ஆண்டிலேயே அவருக்குத் திருமணம் ஆகியிருந்தது. மனைவி பெயர் சேஷகிரி. மாமனார் கஸ்தூரி சூரியநாராயணமூர்த்தி பண உதவி செய்தார். மல்லாடி சத்தியலிங்க நாயக்கர் தர்ம நிதியிலிருந்தும் உதவி கிடைத்தது. கர்ப்பிணியான மனைவியை விட்டுவிட்டு சுப்பாராவ் கப்பல் ஏறினார்.

1922-ம் ஆண்டு அக்டோபர் மாதம் அமெரிக்காவில் பாஸ்டன் நகரம் போய்ச் சேர்ந்தார். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் வெப்ப நாட்டு நோய்களைப் பற்றிய படிப்பில் சேர்ந்தார்.

படிப்புக்கு உபகாரச் சம்பளம் கிடையாது. கையில் இருந்த பணம் கரைந்தது. பகலில் படித்தார். இரவில் ஓர் ஆஸ்பத்திரியில் கூலி ஆளாக வேலை செய்தார். நோயாளிகளின் மலஜலப் பாத்திரங்களைக் கழுவுவதும் அந்த வேலையில் சேர்ந்தது. சென்னையில் டாக்டர், பாஸ்டனில் தோட்டி வேலை. அவர் வெட்கப்படவில்லை.

ஊரில் மனைவிக்கு ஆண் குழந்தை பிறந்தது. தந்தை முகம் பார்க்காமலே அந்தக் குழந்தை சிறு வயதில் இறந்து போயிற்று. சுப்பாராவ் திரும்பி வரவில்லை. அன்று கப்பல் ஏறியவர் பிறகு ஒரு நாளும் தாய்நாட்டு மண்ணை மிதிக்கவில்லை. சேஷகிரி அம்மாள் கணவரை மறுபடியும் பார்க்கவே இல்லை. உலகத்துக்குக் கிடைத்த மருந்துகளின் விலையில் அந்த அம்மாளின் வாழ்க்கையும் அடங்கியிருக்கிறது.

உடம்பின் நாணயம்

ஹார்வர்டில் சைரஸ் பிஸ்க் என்ற விஞ்ஞானியோடு சுப்பாராவ் சேர்ந்தார். ரத்தத்திலும் சிறுநீரிலும் பாஸ்பரஸ் எவ்வளவு என்று அளக்க இருவரும் ஒரு முறையைக் கண்டுபிடித்தார்கள். சில ரசாயனங்களைச் சேர்த்தால் நீல நிறம் வரும். நிறம் எவ்வளவு அழுத்தமோ, அவ்வளவு பாஸ்பரஸ். 1925-ம் ஆண்டு இது வெளியாயிற்று. இன்றும் கல்லூரி மாணவர்கள் இதைப் பிஸ்க்-சுப்பாராவ் முறை என்றே படிக்கிறார்கள்.

அந்த அளவுகோலைக் கையில் வைத்துக்கொண்டு தசையை ஆராய்ந்தார்கள். 1927-ல் பாஸ்போகிரியாட்டின் என்ற பொருளும், 1929-ல் ஏ.டி.பி. என்ற பொருளும் கிடைத்தன. அதே காலத்தில் ஐரோப்பாவிலும் சிலர் தனியாக இவற்றைக் கண்டார்கள்.

ஏ.டி.பி. என்பது என்ன? நாம் தின்னும் சோற்றின் சக்தியை உடம்பு நேராகச் செலவழிப்பதில்லை. ஏ.டி.பி. என்ற சில்லறையாக மாற்றித்தான் செலவழிக்கிறது. தறி மிதிக்கும் காலும், மாவாட்டும் கையும், துடிக்கும் இருதயமும் இந்தச் சில்லறையில்தான் ஓடுகின்றன.

இவ்வளவு செய்தும் ஹார்வர்டில் அவருக்கு நிரந்தரப் பதவி கிடைக்கவில்லை. அவரோடு அங்கே படித்த ஜார்ஜ் ஹிட்சிங்ஸ் 1988-ல் நோபல் பரிசு பெற்றவர். சுப்பாராவ் பிரித்தெடுத்த சில பொருள்கள் அந்த நாளில் வெளியிடப்படாமல் போனதால், வேறு விஞ்ஞானிகள் பல ஆண்டுகளுக்குப் பின் அவற்றை மீண்டும் கண்டுபிடிக்க நேர்ந்தது என்று அவர் வருந்தியிருக்கிறார்.

1940-ம் ஆண்டு சுப்பாராவ் ஹார்வர்டை விட்டு விலகினார். நியூயார்க்குக்கு அருகே பேர்ல் ரிவர் என்ற ஊரில் இருந்த லெடர்லி மருந்துக் கம்பெனியில் சேர்ந்தார். சீக்கிரமே ஆராய்ச்சிப் பகுதி முழுவதற்கும் தலைவர் ஆனார்.

கீரையில் ஒளிந்த மருந்து

அவர் மனத்தில் பழைய பகை ஒன்று இருந்தது. அது கிராணி.

பம்பாயில் ஏற்கனவே ஒரு துப்பு கிடைத்திருந்தது. 1928-ம் ஆண்டு லூசி வில்ஸ் என்ற ஆங்கிலப் பெண் டாக்டர் அங்கு வந்தார். பஞ்சாலைகளில் வேலை செய்த ஏழைக் கர்ப்பிணிகள் கடுமையான ரத்த சோகையால் இறப்பதைக் கண்டார். அவர்களுக்கு ஈஸ்ட் என்னும் நொதிச் சத்தைக் கொடுத்தார். ரத்தம் ஊறியது. ஈஸ்டில் இருந்த அந்தச் சத்து என்னவென்று மட்டும் புரியவில்லை.

1935-ல் அமெரிக்காவில் குரங்குகளுக்குச் சத்துக் குறைந்த தீனி கொடுத்துப் பார்த்தார்கள். குரங்குகளின் சிவப்பு அணுக்களும் வெள்ளை அணுக்களும் குறைந்தன. வாயில் புண் வந்தது. ஈஸ்ட் கொடுத்ததும் தேறின. 1941-ல் வேறு விஞ்ஞானிகள் டன் கணக்கில் பசலைக்கீரையைப் பிழிந்து சிறிதளவு சத்தைப் பிரித்தார்கள். இலையிலிருந்து வந்ததால் போலிக் அமிலம் என்று பெயர் வைத்தார்கள்.

டன் கணக்கில் கீரை பிழிந்து உலகத்துக்கு மருந்து கொடுக்க முடியுமா? சுப்பாராவின் குழு ஈரலிலிருந்தும் நுண்ணுயிர்களிலிருந்தும் அந்தச் சத்தைப் பிரித்தது. அதன் அமைப்பைக் கண்டறிந்தது. 1945-ம் ஆண்டு ஆராய்ச்சிக்கூடத்திலேயே அதைத் தயாரித்துக் காட்டியது.

டாம் ஸ்பைஸ் முதலிய டாக்டர்கள் அதைக் கிராணி நோயாளிகளுக்குக் கொடுத்தார்கள். வற்றிய ரத்தம் ஊறியது. வாய்ப்புண் ஆறியது. சுப்பாராவின் சகோதரர்களைக் கொன்ற நோய்க்கு மருந்து கிடைத்துவிட்டது.

இன்று நம் ஊர் ஆரம்ப சுகாதார நிலையங்களில் கர்ப்பிணிகளுக்கு இரும்புச் சத்து மாத்திரை கொடுக்கிறார்கள். அதில் போலிக் அமிலமும் சேர்ந்திருக்கிறது. கர்ப்பம் தரிப்பதற்கு முன்பிருந்தே இதைச் சாப்பிட்டால், குழந்தையின் முதுகுத் தண்டில் வரும் பிறவிக் குறைகள் பெரும்பாலும் தடுக்கப்படும் என்று 1991-ல் வெளியான பெரிய பரிசோதனை ஒன்று காட்டியது. மாத்திரை பிடிக்கவில்லை என்று அதை ஒதுக்கி வைக்கும் பெண்கள் இதை நினைவில் கொள்ள வேண்டும்.

சாவித் துவாரத்தில் பொய்ச் சாவி

பாஸ்டனில் சிட்னி பார்பர் என்ற டாக்டர் இருந்தார். ரத்தப் புற்றுநோய் வந்த குழந்தைகள் வாரக் கணக்கில் இறப்பதைப் பார்த்து மனம் நொந்தவர். போலிக் அமில வகை மருந்தை அந்தக் குழந்தைகளுக்குக் கொடுத்தபோது நோய் அடங்குவதற்குப் பதிலாக வேகம் எடுப்பது போல் அவருக்குத் தோன்றியது.

அவர் யோசித்தார். இந்தச் சத்தைத் தின்று புற்று அணுக்கள் வளருமானால், சத்தைத் தடுத்தால் அவை பட்டினி கிடந்து சாகுமல்லவா?

அதற்கான பொருளைச் சுப்பாராவின் கூடம் கொடுத்தது. பார்ப்பதற்குப் போலிக் அமிலம் போலவே இருக்கும். ஆனால் வேலை செய்யாது. பூட்டுக்குள் நுழைந்து, திறக்காமல் மாட்டிக்கொள்ளும் பொய்ச் சாவி அது. பெயர் அமினோப்டெரின்.

1947-ம் ஆண்டு கடைசி நாட்களில் ஒரு சிறுவனுக்கு முதலில் கொடுக்கப்பட்டது. ஏறிக்கொண்டே போன வெள்ளை அணுக்கள் இறங்கின. படுத்த பிள்ளை எழுந்து நடந்தான். 16 குழந்தைகளில் 10 பேருக்குக் குணம் தெரிந்தது. 1948-ம் ஆண்டு ஜூன் மாதம் பார்பர் இதை வெளியிட்டார். நோய் சில மாதங்களில் திரும்பி வந்தது என்பது உண்மை. ஆனாலும் ரத்தப் புற்றுநோயை மருந்தால் அடக்கலாம் என்பது அன்றுதான் உலகத்துக்குத் தெரிந்தது.

அமினோப்டெரினின் தம்பிதான் மெத்தோடிரெக்ஸேட். அதுவும் அதே கூடத்தில் பிறந்தது. 1956-ல் அமெரிக்க டாக்டர்கள் நஞ்சுக்கொடித் திசுவில் வரும் ஒருவகைப் புற்றுநோயை அதைக் கொண்டே குணப்படுத்தினார்கள். இன்று குழந்தைகளின் ரத்தப் புற்றுநோய்க்குப் பல மருந்துகளைச் சேர்த்துச் சிகிச்சை செய்கிறார்கள். நல்ல சிகிச்சை கிடைத்தால் பெரும்பாலான குழந்தைகள் பிழைக்கிறார்கள். அந்த மருந்துகளில் மெத்தோடிரெக்ஸேட்டும் ஒன்று.

காவல்காரர் குறையும்போது

மூட்டு வாதத்துக்கும் சொரியாசிஸ் என்ற தோல் நோய்க்கும் கூட, சிறு அளவில் மெத்தோடிரெக்ஸேட் கொடுக்கிறார்கள். இதில் ஓர் எச்சரிக்கை உண்டு. இந்த நோய்களுக்கு அது வாரம் ஒரு முறை சாப்பிடும் மருந்து. தினமும் சாப்பிடும் மாத்திரை என்று தவறாக நினைத்துச் சாப்பிட்டால் உயிருக்கே ஆபத்து.

புற்று அணுவைப் பட்டினி போடும் மருந்து, நல்ல வெள்ளை அணுவையும் குறைத்துவிடும். அதனால்தான் டாக்டர்கள் அடிக்கடி ரத்தம் எடுத்து எண்ணிப் பார்க்கிறார்கள். துணைக்குப் போலிக் அமில மாத்திரையும் எழுதிக் கொடுக்கிறார்கள். ஒரே கூடத்தில் பிறந்த இரண்டு மருந்துகளில் ஒன்று வெட்டுகிறது, மற்றொன்று காக்கிறது.

வெள்ளை அணுக்களில் நியூட்ரோபில் என்பவை முன்னணிப் படை. அவை 1,500-க்குக் கீழே போனால் குறைவு. 500-க்குக் கீழே போனால் மிகவும் ஆபத்து. புற்றுநோய் மருந்து எடுப்பவருக்கு அந்த நேரத்தில் காய்ச்சல் வந்தால், விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும்.

நோய்க்கும் ஓர் எண்

இந்தக் குறைவுக்கு ஆஸ்பத்திரிப் பதிவேட்டில் ஓர் எண் உண்டு. உலகத்து நோய்களுக்கெல்லாம் எண் கொடுத்து ஒரு பட்டியல் இருக்கிறது. 1893-ல் பிரெஞ்சுக்காரரான பெர்ட்டிலான் இறப்புக் காரணங்களுக்குப் பட்டியல் போட்டார். 1948-ல் அது உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் வந்தது. சாவுக்கு மட்டும் அல்லாமல் எல்லா நோய்களுக்குமே எண் கிடைத்தது அப்போதுதான்.

பத்தாவது பட்டியலில் நியூட்ரோபில் குறைவுக்கு டி70 என்று எண். அமெரிக்காவில் அதை இன்னும் பிரித்திருக்கிறார்கள். புற்றுநோய் மருந்தினால் குறைந்தால் டி70.1. காரணம் குறிப்பிடாமல், வெள்ளை அணு குறைவு என்று மட்டும் டாக்டர் எழுதினால் டி72.819. காரணமான மருந்துக்குத் தனியாக வேறோர் எண்.

சென்னையில் பல அலுவலகங்களில், அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் குறிப்புகளைப் படித்து இந்த எண்களைப் போடும் வேலையைப் பட்டதாரி இளைஞர்களும் பெண்களும் செய்கிறார்கள். பரிசோதனைச் சீட்டில் கணக்கு குறைந்திருக்கிறது என்பதை மட்டும் பார்த்து அவர்கள் தாமாக எண் போடக் கூடாது. நோய் இது, காரணம் இது என்று டாக்டர் எழுதியிருக்க வேண்டும். காரணம் விட்டுப் போனால், மருந்தினால் வந்த ஆபத்து காரணம் தெரியாத குறைவாகப் பதிவாகிவிடும். அடுத்த முறை பார்க்கும் டாக்டருக்கும் எச்சரிக்கை கிடைக்காது.

யானைக்காலும் மண்ணும்

சுப்பாராவ் இத்துடன் நிற்கவில்லை. 1947-ல் அவருடைய குழு யானைக்கால் நோய்க் கிருமியை ஒழிக்கும் ஹெட்ரசான் என்ற மருந்தை வெளியிட்டது. நம் நாட்டில் யானைக்கால் உள்ள மாவட்டங்களில் வீடு வீடாக வந்து சுகாதார ஊழியர்கள் கொடுத்த டி.இ.சி. மாத்திரை அதுதான்.

சங்கரன்கோவிலில் புற்று மண்ணைப் பிரசாதமாகப் பூசுவது வழக்கம். ஆகையால் மண்ணில் மருந்து என்ற பேச்சு அந்த ஊராருக்குப் புதிதல்ல. சுப்பாராவ் மண்ணில் தேடியது வேறு. மண்ணுக்குள் வாழும் நுண்ணுயிர்கள் தமக்குள் சண்டையிடும்போது விடும் விஷத்தை அவர் தேடினார். 70 வயது கடந்து ஓய்வு பெற்றிருந்த பெஞ்சமின் டக்கர் என்ற தாவர நிபுணரை அழைத்து வேலை கொடுத்தார். மிசௌரி நாட்டு வயல் மண்ணிலிருந்து டக்கர் பொன் நிறமான ஒரு நுண்ணுயிரைக் கண்டார். அதிலிருந்து வந்ததே ஆரியோமைசின். டெட்ராசைக்ளின் குடும்பத்தின் மூத்த மருந்து. 1948-ல் உலகத்துக்கு அறிவிக்கப்பட்டது.

பேர் தேடாத மனிதர்

மருந்துகள் வெளியாகும்போது சுப்பாராவ் பின்னால் நின்றுகொள்வார். கட்டுரைகளில் தம் குழுவினர் பெயர் வந்தால் போதும் என்று இருந்தார். அவர் பெயரில் பெரிய உரிமைகளும் இல்லை. அமெரிக்காவில் கால் நூற்றாண்டு வாழ்ந்தும் அந்நாட்டுக் குடிமகன் ஆகவில்லை.

1948-ம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் ஒரு நாள் இரவு தூங்கப் போனவர் எழுந்திருக்கவில்லை. இருதயம் நின்றுவிட்டது. வயது 53. பார்பரின் கட்டுரை வெளியாகி இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. மெத்தோடிரெக்ஸேட் ஒரு புற்றுநோயை அடியோடு குணப்படுத்தியதைப் பார்க்க அவர் இல்லை.

அவருக்கு நோபல் பரிசு வரவில்லை. ஒரு பூஞ்சைக்கு அவர் பெயரை வைத்தார்கள். 1995-ல் நூற்றாண்டையொட்டி இந்திய அரசு தபால் தலை வெளியிட்டது.

மெட்ரிகுலேஷனில் இரண்டு முறை பெயில் ஆன பையன். எம்.பி.பி.எஸ். பட்டம் மறுக்கப்பட்ட மாணவர். இரவில் மலப் பாத்திரம் கழுவிய டாக்டர். அவர் வேலையால் பிழைத்தவர்கள் எல்லா நாட்டிலும் இருக்கிறார்கள். இந்த வருஷம் பரீட்சையில் தோற்ற பிள்ளை உங்கள் வீட்டில் இருந்தால், வெங்கம்மாளின் மகன் கதையை அவனுக்குச் சொல்லுங்கள்.